பூனை எடுக்காத மாம்பழம்

ஊமைப் படக் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லுவார் சேஷையா வாத்தியார். படத்தில் வரும் பொம்பளைகளுக்கும் பிள்ளைகளுக்கும் பேச, மரிக்கொழுந்தைப் பழக்கிக்கொண்டிருந்தார்.

அன்று மத்தியானம் அவள் முகம் சரியில்லை.

"வாத்தியாரே, ஒண்ணு கேக்கணும்."

"கேளு தாயி."

"முறுக்கு விக்கிற ரஞ்சிதத்தோட தட்டுல எள்ளுருண்டை ஒண்ணு குறையுதாம். 'உம் மகளுக்குக் கை நீளம்டி'ன்னு கத்திட்டுப் போறா."

"உம் மக பவளத்தைக் கேட்டியா?"

"கேட்டேன். வாயைத் திறந்து திறந்து மூடுறா, சத்தமே வரல. படத்துப் பிள்ளை மாதிரியே. ரஞ்சிதம் சொல்றது நெசமா, பொய்யா? அடிக்கவா, விடவா? எனக்கு ஒண்ணும் ஓடல."

அப்போது கொட்டகையில் ஓடிக்கொண்டிருந்த படத்தில் ஒரு சிறுமி, சாமிக்கு வைத்த மாம்பழத்தைத் தொடுவாள். கையை இழுத்துக்கொள்வாள். மறுபடி தொடுவாள். கடைசியில் பாவாடையில் மறைத்துக்கொள்வாள். அம்மா கேட்கும்போது உதடு அசையும். அவள் பேச்சைக் காட்டும் எழுத்து ஒன்றும் திரையில் வராது.

"அந்த இடத்துல நீ என்ன சொல்லுவே?"

"'நான் எடுக்கலம்மா, பூனை எடுத்துச்சு'ன்னு. நீங்க சொல்லிக்குடுத்ததுதானே. சனம் விழுந்து விழுந்து சிரிக்கும்."

"இன்னிக்கு அங்க சும்மா இரு."

சாயங்கால ஆட்டம். திரையில் சிறுமியின் உதடு அசைந்தது. மரிக்கொழுந்து வாயைத் திறக்கவில்லை.

"ஏம்மா, தொண்டை கட்டிக்கிச்சா?" என்றது கூட்டத்தில் ஒரு குரல்.

"பூனைன்னு சொல்லு தாயி!"

சிரித்தார்கள். பிறகு சிரிப்பும் நின்றது. படம் ஓட்டும் கைப்பிடி சுற்றுகிற சத்தம் மட்டும் கேட்டது.

முன்னால் மணலில் இருந்து ஒரு சின்னக் குரல்.

"நான்தான் எடுத்தேன்."

பவளம் எழுந்து நின்றிருந்தாள். கண் திரையில் இருந்தது. ரஞ்சிதம் தட்டும் கையுமாக அவளையே பார்த்தாள்.

ஆட்டம் முடிந்ததும் மரிக்கொழுந்து ஓடி வந்தாள்.

"வாத்தியாரே, அவ தனக்காகச் சொன்னாளா, படத்துப் பிள்ளைக்காகச் சொன்னாளா?"

"அவளைக் கேக்கலியா?"

"பயமா இருக்கு. நீங்களாவது சொல்லுங்க. படத்துப் பிள்ளை அங்க என்னதான் சொல்லுது?"

வாத்தியார் துண்டை உதறித் தோளில் போட்டார்.

"எனக்கு எப்படித் தெரியும் தாயி? இத்தனை நாளும் அந்த இடத்துல நாமதானே பேசிட்டிருந்தோம்."