முதல் சூட்டுச் சட்டை

"மேடம், சிந்தாமணியக்கா அந்தச் சட்டையைத் தேய்க்கிறதையே விட்டுட்டாங்க" என்றார் தணிகாசலம்.

பல்கீஸ் ஓடிக்கொண்டிருந்த படத்தை நிறுத்திவிட்டுத் திரும்பினாள்.

தணிகாசலம் வேலூரில் காலமெல்லாம் கல்யாண வீடியோ எடுத்தவர். தாலி கட்டப் போன கையையே தடுத்து, "மாப்ளே, இன்னொரு வாட்டி" என்று சொன்ன ஆள். தலை நரைத்த பிறகு ஆவணப்படம் எடுக்கும் ஆசை வந்தது. அந்தத் தொழிலில் பேர் எடுத்திருந்த பல்கீஸிடம், தன்னைவிட ரொம்பச் சின்னவள் என்று பாராமல், வந்து சேர்ந்தார்.

அவர் இப்போது படம் எடுத்துக்கொண்டிருந்தது சிந்தாமணியை. தெருமுனையில் இஸ்திரி வண்டி வைத்திருப்பவள். காலையில் பெட்டியில் கரி கனன்றதும், முதல் சூட்டில் ஒரு நீலச் சட்டையைத் தேய்ப்பாள். கோபித்துக்கொண்டு வீட்டைவிட்டுப் போன மகனுடைய சட்டை. தண்ணீர் தெளிப்பாள், காலரை நீவுவாள், மடித்து வண்டிக்கு அடியில் வைப்பாள். பிறகுதான் ஊரார் துணி.

"என்ன பண்ணீங்கண்ணே?"

"ஃபோகஸ் தவறிடுச்சு. 'அக்கா, இன்னொரு வாட்டி தேய்ங்க, கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்பி'ன்னேன்."

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும்.

"தேய்ச்சாங்களா?"

"தேய்ச்சாங்க. மறுநாள் நல்ல புடவை கட்டிக்கிட்டு, என்னைப் பாத்துப் பாத்துத் தேய்ச்சாங்க. நேத்து, 'தம்பி, இன்னிக்கும் எடுக்கணுமா?'ன்னு கேட்டாங்க. 'போதும்க்கா'ன்னேன். 'சரி'ன்னு சட்டையை அப்படியே கீழ வெச்சுட்டாங்க. இன்னிக்கும் தொடல."

படம் போனதைவிட அந்த 'சரி'தான் அவர் நெஞ்சை அறுத்தது. கழுத்து வியர்வையைத் துண்டால் துடைத்துக்கொண்டார்.

பல்கீஸ் தன் கேமராவை எடுத்து அவர் பக்கம் திருப்பினாள்.

"இப்பத் துடைச்சீங்களே. இன்னொரு வாட்டி துடைங்க."

துண்டைத் தூக்கினார். கை யாருடைய கையோ போலக் கழுத்தருகே நின்றது. மெல்லக் கீழே இறக்கினார்.

"தப்புப் பண்ணிட்டேன் மேடம்."

அவள் அவருடைய கேமராவை வாங்கி பீரோவில் வைத்துப் பூட்டினாள்.

"நாளைக்கும் போங்க."

"கேமரா இல்லாம அங்க போய் என்ன செய்யறது?"

"உக்காருங்க."

மறுநாள் வண்டிப் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். "உனக்குப் பொழப்பே இல்லையா தம்பி?" என்று சிந்தாமணி கேட்டாள். பிறகு கேட்பதை விட்டாள். சில நாள் விசிறியைக் கொடுத்துக் கரியை விசிறச் சொன்னாள். பிறகு அவர் அங்கே இருப்பதே அவளுக்கு மறந்துபோயிற்று.

நீலச் சட்டையின் மடிப்பில் தெருப் புழுதி படிந்துகொண்டே வந்தது. அதைப் பார்க்கப் பார்க்க அவருக்குச் சோறு இறங்கவில்லை.

மழை விட்ட ஒரு காலையில், கரி கனன்றதும் சிந்தாமணி குனிந்தாள். சட்டையை எடுத்து உதறினாள்.

அன்றைக்கே தணிகாசலம் பல்கீஸிடம் ஓடிவந்தார்.

"தேய்ச்சாங்க மேடம்."

"எப்படித் தேய்ச்சாங்க? அழுதாங்களா?"

"தெரியாது."

"பக்கத்துலதானே இருந்தீங்க?"

"தண்ணி தெளிக்கிற சத்தம் கேட்டுச்சு. நான் தெருப் பக்கம் திரும்பிக்கிட்டேன்."

பல்கீஸ் எழுந்துபோய் பீரோவைத் திறந்தாள். கேமராவை எடுத்து அவர் கையில் கொடுத்தாள்.