ஒரு வாய்த் தண்ணீர்

"மூணு தடவை வீட்டுக்கே போயிட்டேன் அம்மா. மோர் கொடுக்கிறார், ஊர்க்கதை எல்லாம் பேசுறார். என் படத்தில நடிக்க வாங்கன்னு சொன்னா மட்டும் முடியாதுங்கிறார். நீங்கதான் உங்க குழுவில நடிக்கிற மாசானமுத்துகிட்ட ஒரு வார்த்தை சொல்லணும்" என்றார் முனைவர் ஞானதிரவியம்.

செண்பகவல்லி தீப்பெட்டிக் கட்டுகளைச் சுவரோரம் தள்ளிக்கொண்டிருந்தார்.

கோவில்பட்டியில், ஊரார் தீப்பெட்டி ஆபீஸ் என்று சொல்லும் ஒரு தொழிற்சாலையின் சரக்குக் கிட்டங்கி அது. வேலை முடிந்த பிறகு அங்கேதான் அவருடைய நாடகக் குழு ஒத்திகை பார்க்கும். பகலில் அவர் ரயில் நிலையத்தில் டிக்கெட் கொடுப்பவர். வயது நாற்பத்து மூன்று. அறுபது வயதுக்காரர்களும் அவரை அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள்.

"அவரேதான் வேணுமா சார்?"

"அந்த முகத்தை மனசில வச்சுத்தான் கதையே எழுதினேன். நாலு நடிகர்களை வச்சுப் பார்த்தாச்சு. ஒருத்தருக்கும் உட்காரலை."

"வேற கதை எழுதுங்களேன்."

"எனக்கு ஐம்பத்தெட்டு வயசு. கடைசி மூணு படமும் ஓடலை. இதுவும் நடக்கலைன்னா என்னை நம்பி இனி யாரும் கேமராவைக் கொடுக்க மாட்டாங்க."

செண்பகவல்லி கட்டுகளைத் தள்ளுவதை நிறுத்தினார்.

"நீங்க ரொம்பப் படிச்சவங்கன்னு சொன்னாங்க."

"தில்லியில மூணு வருஷம் நாடகம். வெளிநாட்டில ரெண்டு வருஷம் சினிமா. திரும்பி வந்து முனைவர் பட்டம்."

"எதைப் பத்தி?"

"மேடையில் மௌனம்."

"எத்தனை பக்கம் சார்?"

"நானூத்திப் பன்னிரண்டு."

செண்பகவல்லி மீதிக் கட்டுகளையும் சுவரோரம் தள்ளி முடித்தார்.

பிறகு, "எனக்குச் சிபாரிசு பண்ண வராது சார்" என்றார். "ஆனா இங்க ஒரு வேலை காலியா இருக்கு. வசனம் எடுத்துக் கொடுக்கிற அண்ணாச்சி, மகளுக்குப் பிரசவம்னு சிவகாசி போயிட்டாரு. பக்கத் திரைக்குப் பின்னால நின்னு, யாராவது மறந்தா அடுத்த வார்த்தையை மெதுவாச் சொல்லணும். அவ்வளவுதான்."

"நான் டைரக்டர் அம்மா."

"தெரியும் சார். வாசிக்கத் தெரியுமில்ல?"

தரையில் உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்தார்கள். ஞானதிரவியமும் சிரித்துவிட்டார்.

நாடகத்தில் மாசானமுத்துதான் அப்பா. அதனால் ஞானதிரவியம் சம்மதித்தார்.

*

வாக்கப்பட்ட வீட்டில் துன்பப்படும் மகளை அழைத்து வர ஒரு தகப்பன் போகிறான். சம்பந்தி வீட்டார் முன்னால் ஒரு மணி நேரம் பேசுகிறான். கடைசியில் அவளை அழைத்துக்கொண்டு வருகிறான். இதுதான் நாடகம்.

ஞானதிரவியம் நோட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஓரத்தில் நின்றார்.

ஒரு நடிகர் இமைத்தால் வார்த்தை கொடுத்தார். தலையைத் திருப்பினால் கொடுத்தார். எச்சில் விழுங்கினாலும் கொடுத்தார்.

மாமியாராக நடிக்கும் சீனியம்மா அதே ஆபீஸில் லேபிள் ஒட்டுகிறவர். மூன்றாம் நாள் அவர் இடுப்பில் கை வைத்துக்கொண்டு திரும்பினார்.

"சார், நான் மூச்சு விடத்தான் நிறுத்தினேன்."

"மறந்துட்டீங்களோன்னு நினைச்சேன்."

"மறந்தா உங்களைப் பாப்பேன். பாக்கலைன்னா மூச்சு விடுதேன்னு அர்த்தம்."

"சரிம்மா."

மறுபடியும் அதையேதான் செய்தார். இருபது வருடத்துக்கு மேலான டைரக்டர் பழக்கம் அது. ஒரு நாள் சீனியம்மாவின் துண்டை வாங்கி முந்தானையாகத் தன் தோளில் போட்டுக்கொண்டு, மாமியார் எப்படி முறைக்க வேண்டும் என்று முறைத்தே காட்டினார். நன்றாகத்தான் இருந்தது. சீனியம்மா கும்பிட்டு, "அப்ப நீங்களே நடிச்சிருங்க சார், நான் வீட்டுக்குப் போய் உலை வைக்கேன்" என்றார்.

மாசானமுத்து எதுவும் சொல்வதில்லை. தன் முறை வரும்போது எழுந்து போய்ப் பேசிவிட்டு, வந்து உட்கார்ந்துகொள்வார்.

*

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆபீஸ் பெண்கள் முன்னால் முழு நாடகத்தையும் ஒரு தடவை நடத்திப் பார்த்தார்கள். எண்பது பேர் இருப்பார்கள்.

கடைசிக் காட்சி. மாசானமுத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். பேச வேண்டிய இடத்தில் பேசவில்லை.

ஒரு நொடி. இரண்டு. மூன்று.

"கட்!" என்று கத்தினார் ஞானதிரவியம்.

எல்லாரும் அப்படியே நின்றார்கள். விளக்கைப் பார்த்துக்கொள்கிறவர் பதறிப்போய் விளக்கை அணைத்துவிட்டார். இருட்டில் ஒரு பெண் கேட்டாள்.

"யக்கா, இது நாடகம்னுல்லா சொன்னீக? சினிமாவா எடுக்கீக?"

கிட்டங்கியே சிரித்தது.

விளக்கு வந்தபோது மாசானமுத்துவின் நாற்காலி காலியாக இருந்தது.

*

தெருமுனை டீக்கடையில் அவர் உட்கார்ந்திருந்தார். ஞானதிரவியம் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என் மேல கோபம்தானே?"

"இல்ல சார்."

"என் முதல் படத்தில ஒரே ஒரு வசனத்துக்கு உங்ககிட்ட நாற்பத்தொரு டேக் வாங்கினேன். அது எனக்கு ஞாபகம் இருக்கு. இருபத்திரண்டு வருஷமா அதுதானே உங்க மனசில?"

மாசானமுத்து சிரித்தார்.

"நான் கிணறு வெட்டுறவன் சார். ஒரே பாறையில ரெண்டு மாசம் நின்னிருக்கேன். நாப்பத்தோரு தடவை பேசினா தேய்ஞ்சா போவேன்?"

"பின்னே?"

டீ கிளாஸை அவர் உள்ளங்கையில் வைத்துத் திருப்பினார்.

"படம் வந்ததும் குடும்பத்தோட போனோம். மாமனார் வீட்டு ஆளுகளும் சேர்ந்து பதினேழு பேரு. திரையில நான் வந்ததும் ஒரே விசில். அப்புறம் நான் வாயைத் தொறந்தேன்."

ஞானதிரவியம் காத்திருந்தார்.

"வேற எவனோ பேசுதான்."

கடைக்காரர் பாலை ஆற்றிக்கொண்டிருந்தார்.

"எம் மகளுக்கு அப்ப அஞ்சு வயசு. 'யப்பா, உன் வாய்க்குள்ள யாருப்பா இருக்கா'ன்னு சத்தமாக் கேட்டுட்டா. முன்னாலயும் பின்னாலயும் சிரிப்பு. அவளும் சிரிச்சா. சின்னப் பிள்ளை, அதுக்கு என்ன தெரியும்?"

ஞானதிரவியத்துக்கு நினைவு வந்தது. சென்னையில் டப்பிங் அறை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஆட்கள். இந்தாளுக்குத் தொண்டை கரகரன்னு இருக்கு, வேற குரலைப் போட்டுடுங்க என்று அவர்தான் சொன்னார். அப்போது காபி வந்தது. குடித்துக்கொண்டே சொன்னார். அரை நிமிடம்கூட ஆகியிருக்காது.

அந்தப் படத்துக்கு விருது கிடைத்தது. அந்தக் காட்சியைப் பற்றி எல்லாரும் எழுதினார்கள்.

"ஒரு தந்தி அடிச்சிருந்தா வந்திருப்பேன் சார். எத்தனை தடவை வேணும்னாலும் பேசியிருப்பேன்."

"மாசானமுத்து, நான் அன்னிக்கு..."

"டீ ஆறுது, குடிங்க."

அவர் எழுந்து துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். போகும்போது சொன்னார்.

"இன்னைக்கும் நான் மறக்கலை சார். பேசப் போனேன். நீங்க கட்டுன்னுட்டீக."

*

மறுநாள் ஞானதிரவியம் நோட்டைச் செண்பகவல்லியின் முன்னால் வைத்தார்.

"இந்த வேலை எனக்கு வராது அம்மா. நான் ஊருக்குப் போறேன்."

"ஏன் சார்?"

"எப்ப மறந்தாங்க, எப்ப மறக்கலைன்னு எனக்குத் தெரிய மாட்டேங்குது. எங்கேயும் சொல்லித் தரலை. நானும் எழுதியிருக்கேன், நானூறு பக்கம். அதிலேயும் இல்லை."

செண்பகவல்லி எழுந்து போனார். பானையிலிருந்து ஒரு டம்ளர் தண்ணீர் மொண்டு கொண்டுவந்தார்.

"ஒரு வாய் குடிங்க."

ஞானதிரவியம் குடிக்கப் போனார்.

"விழுங்காதீங்க. வாயிலேயே வச்சுக்கோங்க."

வைத்துக்கொண்டார்.

"இப்படியே போய் நில்லுங்க. வார்த்தை கொடுக்கணும்னு தோணினா, விழுங்கிட்டுக் கொடுங்க."

அவர் ஏதோ கேட்க வாயெடுத்தார். தண்ணீர் சட்டையில் வழிந்தது. சீனியம்மா தன் துண்டை எடுத்து அவரிடம் நீட்டினார்.

செண்பகவல்லி மறுபடி டம்ளரை நிரப்பினார்.

அன்று ஒத்திகையில் ஞானதிரவியம் பதினொரு தடவை விழுங்கத் தொடங்கினார். ஒன்பது தடவை அவர் விழுங்கி முடிப்பதற்குள் நடிகரே பேசிவிட்டார். இரண்டு தடவைதான் வார்த்தை தேவைப்பட்டது.

அடுத்த நாள் நான்கு தடவை விழுங்கினார். அதற்கடுத்த நாள் ஒன்று.

"சார், இன்னைக்கு நீங்க வந்திருந்தீகளா?" என்று கேட்டார் சீனியம்மா. "ஆள் இருக்கிற மாதிரியே தெரியலையே!"

ஞானதிரவியத்துக்கு அது பாராட்டா கேலியா என்று தெரியவில்லை. ஊருக்குப் போகும் பேச்சை மட்டும் அவர் எடுக்கவில்லை.

*

கழுகுமலைப் பக்கம் ஒரு பள்ளிக்கூட மைதானத்தில் நாடகம். சாயங்காலம் ஆறரை மணிக்குத் தொடங்கினார்கள். ஊரே வந்து மண்ணில் உட்கார்ந்திருந்தது.

கடைசிக் காட்சிக்கு முன்னால் ஞானதிரவியம் டம்ளரை எடுத்து ஒரு வாய் நிரப்பிக்கொண்டார்.

மாசானமுத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். சம்பந்தி பேசி முடித்தார். மாமியார் பேசி முடித்தார். மகள் சுவரோரம் பையை அணைத்துக்கொண்டு நின்றாள்.

'என் பிள்ளையை நான் கூட்டிட்டுப் போறேன்.' இதுதான் அவர் வசனம். ஞானதிரவியத்தின் விரல் நோட்டில் அந்த வரியின் மேல் இருந்தது.

மாசானமுத்து வாயைத் திறந்தார். மூடினார்.

ஒன்று. இரண்டு. மூன்று. நான்கு.

கூட்டத்தில் ஒரு குழந்தை சிணுங்கியது. யாரோ அதைத் தட்டிக் கொடுத்தார்கள்.

ஆறு. ஏழு.

மாசானமுத்து மெதுவாகத் தலையைத் திருப்பினார். பக்கத் திரையைப் பார்த்தார். நேராக ஞானதிரவியத்தைப் பார்த்தார்.

மறந்துவிட்டார்.

ஞானதிரவியம் விழுங்கப் போனார். அப்போதுதான் அந்த முகத்தை முழுதாகப் பார்த்தார். வந்த இடத்தில் என்ன சொல்வது என்று தெரியாமல் உட்கார்ந்திருக்கும் ஒரு தகப்பனின் முகம். நாற்பத்தொரு தடவை கேட்டும் கிடைக்காத முகம்.

அவர் தண்ணீரை விழுங்கவில்லை. நோட்டை மூடினார். அந்தக் கண்களையே பார்த்துக்கொண்டு நின்றார்.

மாசானமுத்துவும் பார்த்தார்.

பிறகு எழுந்தார். மகளிடம் போனார். அவள் கையிலிருந்த பையை வாங்கித் தன் தோளில் மாட்டிக்கொண்டார். அவளுடைய வெறுங்கால்களைப் பார்த்தார்.

"செருப்பைப் போடுத்தா" என்றார்.

அந்த வசனம் நோட்டில் இல்லை.

மகளாக நடித்த பெண் ஒரு கணம் அவரையே பார்த்தாள். குனிந்து செருப்பைத் தேடினாள். கண்ணை நீர் மறைத்ததால் வலது காலுக்கானதை இடது காலில் மாட்டினாள். மாசானமுத்து கீழே உட்கார்ந்து அதைக் கழற்றிச் சரியாகப் போட்டுவிட்டார்.

இருவரும் நடந்து வெளியே வந்தார்கள்.

*

திரை விழுந்தது. கைதட்டல் ஓயக் கொஞ்ச நேரம் ஆனது. நடிகர்கள் எல்லாரும் முன்னால் போய்க் கும்பிட்டுவிட்டு வந்தார்கள். ஊர்ப் பெரியவர்கள் வந்து துண்டு போர்த்தினார்கள்.

ஞானதிரவியம் நின்ற இடத்திலேயே நின்றுகொண்டிருந்தார்.

மாசானமுத்து அவரிடம் வந்தார். முகத்தில் பவுடர் வியர்வையோடு கோடாக இறங்கியிருந்தது.

"சுத்தமா மறந்து போச்சு சார். உங்களைப் பாத்தேன். நீங்க சொல்லலை."

ஞானதிரவியம் அவரைப் பார்த்தார்.

"பாவி மனுஷன், பழசை வச்சுக் கவுத்துட்டாரேன்னுதான் முதல்ல நினைச்சேன். அப்புறம் பாத்தா நோட்டை மூடிட்டு நிக்கீக. இவன் என்ன சொல்லப் போறான்னு கேக்கிறதுக்கே வந்த ஆள் மாதிரி நிக்கீக. சரி, கேக்க ஒரு ஆள் இருக்குன்னா சொல்லிட்டுப் போவோம்னு..."

அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"உங்க படத்துல, அந்த ஆளுக்குப் பேச்சு நிறைய இருக்கா சார்?"

ஞானதிரவியம் ஆமென்று தலையசைத்தார்.

"யாரு பேசுவா?"

ஞானதிரவியத்தின் வலது கை மெதுவாக உயர்ந்தது. மாசானமுத்துவின் தொண்டையின் மேல் ஒரு விரலை வைத்தார். எடுக்கவில்லை.

மாசானமுத்து அப்படியே நின்றார். பிறகு, தொண்டை கரகரக்கச் சொன்னார்.

"அதை வாயைத் தொறந்துதான் சொல்லுங்களேன்."

விளக்குகளை ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டே வந்த செண்பகவல்லி அவர்கள் பக்கத்தில் நின்றார். ஞானதிரவியத்தின் கன்னத்தைப் பார்த்தார்.

"நாடகம் முடிஞ்சு பத்து நிமிஷம் ஆச்சு சார்" என்றார். "விழுங்குங்க."