ராஜா வாயில் சோறு, வானத்தில் கிரகணம்

கிரகணம் சொன்ன நேரத்துக்கு வரவில்லை. ராஜா வாயில் சோறு இருக்கும்போது வந்தது. நடந்த தப்பு அவ்வளவுதான்.

எந்த ராஜா, என்ன பேர் என்று குறுக்கே கேட்காதே. கடலோரத்தில் நெய்தலங்காடி என்று ஓர் ஊர், அதற்கு ஒரு ராஜா. போதும்.

அந்த ஊர் அரண்மனை வாசலில் தவசி என்று ஒருத்தன் இருந்தான். நாழிகை பார்க்கிற வேலை. தொட்டித் தண்ணீரில் அடியில் ஓட்டை போட்ட செப்புக் கிண்ணத்தை மிதக்க விடுவான். ஓட்டை வழியாகத் தண்ணீர் ஏறும், ஏறும், ஏறும். கிண்ணம் முங்கினால் ஒரு நாழிகை. சேகண்டியில் 'டொங்' என்று ஓர் அடி. உடனே கிண்ணத்தை எடுத்துக் கவிழ்த்து மறுபடி விடுவான். ஒரு விடியலிலிருந்து மறு விடியலுக்கு அறுபது கிண்ணம். முப்பது கிண்ணம் முடிந்தால் அவன் மச்சான் வந்து உட்காருவான். ஊரே அந்தச் சத்தத்தைக் கேட்டுத்தான் உலை வைக்கும், கடை திறக்கும், படகு தள்ளும்.

இன்னொருத்தர் ஈசானர். தலைமைக் கணியர். கிரகணம் எப்போது, அமாவாசை எப்போது என்று சொல்கிறவர். அவருடைய முப்பாட்டனுக்கு முப்பாட்டன் நிஜமாகவே பெரிய ஆள். முற்றத்தில் ஒரு கம்பை நட்டு நிழலைப் பார்த்தார், மொட்டை மாடியில் கிடந்து விண்மீனைப் பார்த்தார், நாற்பது வருஷம் பார்த்தார். பார்த்ததை எல்லாம் பாட்டாகக் கட்டி வைத்தார். மகன் பாட்டை மனப்பாடம் பண்ணினான். பேரன் மகனிடம் கேட்டு மனப்பாடம் பண்ணினான். அதற்கப்புறம் அந்த வீட்டில் ஒருத்தன் கழுத்தும் மேலே நிமிரவில்லை. பாட்டைச் சொல்வார்கள், சோழியைத் தள்ளுவார்கள், நேரம் வந்துவிடும். கம்பில் துணி காயப்போட்டார்கள்.

சரி. ஆடி அமாவாசை. பகலில் பத்தாம் நாழிகைக்குச் சூரிய கிரகணம் என்று ஈசானர் சொல்லிவிட்டார். ஊரே விடிந்ததிலிருந்து பட்டினி. ராஜா குளத்தில் இடுப்பளவு தண்ணீரில் நிற்கிறார். கர்ப்பிணிப் பெண்களை எல்லாம் மருத்துவச்சி வீட்டு இருட்டறையில் அடைத்தாயிற்று, கிரகணத்து வெளிச்சம் வயிற்றில் படக்கூடாதே. தவசி பெண்டாட்டி பவளமும் அதில் ஒருத்தி. நாலு மாசம்.

பத்தாவது கிண்ணம் முங்கியது. டொங். சூரியன் சும்மா இருந்தது. பதினொன்று. சும்மா இருந்தது. பன்னிரண்டு. அப்போதும் சும்மா இருந்தது. ராஜாவுக்குப் பசி. பசியை விடக் கோபம்.

"ஓய் கணியரே, எங்கே ஓய் உம்ம கிரகணம்? காலெல்லாம் ஊறிப்போச்சு. மீன் வந்து கடிக்குது!"

ஈசானருக்கு வேர்த்தது. பாட்டு தப்பு என்று சொல்ல வாய் வருமா? வேறொன்று வந்தது.

"மகாராஜா, விலகிப்போச்சு! உங்க புண்ணியத்துக்குப் பயந்து கிரகணம் விலகிப்போச்சு! ஏறி வாங்க, சாப்பிடுங்க."

ராஜாவுக்கு அது இனித்தது. எந்த ராஜாவுக்குத்தான் இனிக்காது? ஏறினார், துடைத்தார், இலை போட்டார்கள், உட்கார்ந்தார். முதல் உருண்டையை வாயில் வைத்தார். பதின்மூன்றாவது டொங். வெளியே காக்கா எல்லாம் கத்துகிறது. இலை மேல் வெளிச்சம் மங்குகிறது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. கண் பிதுங்க உட்கார்ந்திருந்தார்.

அன்றைக்குப் பிடித்த பயம். ராஜா அப்புறம் சோற்றைத் தொடவே இல்லை. கஞ்சியை மட்டும் குடித்தார். குடிக்கும்போதும் சன்னலுக்கு ஒரு ஆளை நிறுத்தி, "சூரியன் இருக்கா? இருக்கா?" என்று கேட்டுக்கொண்டே குடித்தார்.

சபை கூடியது. ஈசானர் முந்திக்கொண்டார்.

"பாட்டு பத்தாம் நாழிகைன்னு சொல்லுது. பத்தாம் நாழிகைக்குத்தான் வந்துச்சு. இந்தத் தவசிதான் பத்துக்குள்ளே பதின்மூணு தடவை அடிச்சுட்டான். கிண்ணத்து ஓட்டையைப் பெருசாக்கிட்டான், மகாராஜா. சீக்கிரம் முங்கினா சீக்கிரம் வீட்டுக்குப் போகலாம்னு."

தவசி விழுந்து கும்பிட்டான். "மகாராஜா, கிண்ணத்துல ஓட்டை போட்ட பொன் ஊசி கணியர் பெட்டியிலதான் இருக்கு. எடுத்து விட்டுப் பார்க்கச் சொல்லுங்க. இறுக்கமாப் போனா ஓட்டை சரி. லொடலொடன்னு போனா என் தலையை எடுத்துக்கங்க."

"ஊசியைக் கண்ட நாள்ல எடுக்கப்படாது. கிரகணத்தன்னைக்குத்தான் எடுக்கணும், அதுதான் முறை" என்றார் ஈசானர்.

"அடுத்தது எப்போ?" என்றார் ராஜா.

"தை அமாவாசை. எட்டாம் நாழிகை."

ராஜா சொன்னார்: "தை அமாவாசைக்குக் கிரகணமும் உன் சேகண்டியும் ஒண்ணா வரணும். வரலேன்னா பட்டத்து யானைக் காலு உன் தலையில."

ஆறு மாசம். தவசி வீட்டுக்கு வந்தான். பவளம் சோறு போட்டுக்கொண்டே, "ஏங்க, அன்னைக்கு எல்லாரும் சாப்பிடப் போனாங்களே, மருத்துவச்சியக்கா எங்களை மட்டும் வெளியே விடவே இல்லைங்க" என்றாள்.

"நான் சாகப்போறேன்கிறேன், நீ மருத்துவச்சி கதை சொல்றே" என்றான் தவசி. போய்க் கிண்ணத்தைப் பார்த்தான். விடியலிலிருந்து விடியலுக்குக் கண் மூடாமல் உட்கார்ந்து எண்ணினான். அறுபது. கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

புரட்டாசியில் பவளம் மறுபடி சொன்னாள்: "ஏங்க, எல்லாரும் விலகிப்போச்சுன்னாங்க. அந்தக்கா மட்டும், இன்னும் கடிக்கலைடி, உட்காருங்கடின்னு சொல்லிச்சு."

"கடிச்சா என்ன, நக்கினா என்ன! போடி" என்றான். தொட்டித் தண்ணீரை மாற்றினான். மறுபடி எண்ணினான். அறுபது.

கார்த்திகை. மழை. வயிறு பெரிசாகிவிட்டது பவளத்துக்கு. தவசி சாப்பிடுவதில்லை, தூங்குவதில்லை. யானைக் கொட்டாரம் பக்கம் போனால் கால் தானாகத் திரும்பிவிடும். மறுபடி எண்ணினான். அறுபது. கிண்ணம் சரி. கிண்ணம் சரி என்று யாரிடம் சொல்வான்? எண்ணியது அவன், சாகப்போகிறதும் அவன். எவன் நம்புவான்?

பவளம் சோற்றுச் சட்டியை டொக்கென்று வைத்தாள். "மூணாவது தடவையாச் சொல்றேன். காது இருக்கா இல்லையா? மருத்துவச்சியக்கா உள்ளே உட்கார்ந்தபடியே, இன்னும் கிரகணம் வரலைன்னு சொல்லிச்சு. வந்தப்போ வந்துருச்சுன்னு சொல்லிச்சு. முடிஞ்சப்போ முடிஞ்சுதுன்னு சொல்லிச்சு. இருட்டறைக்குள்ள இருந்துக்கிட்டு அதுக்கு எப்படித் தெரியும்னு ஒரு வார்த்தை போய்க் கேளுங்களேன்!"

சட்டியை அப்படியே விட்டுவிட்டு ஓடினான். மழை விட்டு வெயில் அடித்துக்கொண்டிருந்தது.

மருத்துவச்சி இடிகல்லில் சுக்கு இடித்துக்கொண்டிருந்தாள். நிமிரவே இல்லை.

"வலி வந்துருச்சா?"

"இல்லக்கா."

"அப்புறம் ஏன் மூச்சு வாங்குது?"

கேட்டான். அவள் உலக்கையைச் சாய்த்து வைத்துவிட்டு அறைக்குள் கூட்டிப்போனாள். கதவை அடைத்தாள். கும்மிருட்டு. ஓலைக் கூரையில் ஒரு பொத்தல். அது வழியாக வெயில் இறங்கித் தரையில் ஒரு வட்டம் போட்டிருந்தது. காசு மாதிரி, உருண்டையாக.

"பொத்தல் கோணலா இருக்கு பார்த்தியா? வட்டம் கோணலா விழுதா? இல்ல. ஏன்னா அது பொத்தலோட உருவம் இல்ல, தம்பி. சூரியனோட உருவம். கிரகணம் பிடிச்சா இந்த வட்டத்துல ஒரு ஓரத்துல எலி கடிச்ச மாதிரி குறையும். கடி ஆரம்பிச்சா ஆரம்பம். வட்டம் முழுசானா முடிவு. அதுவரைக்கும் ஒரு புள்ளத்தாச்சியையும் வெளியே விடமாட்டேன். எங்க அம்மா சொல்லிக்கொடுத்தது."

"எந்த நாழிகைக்குக் கடிச்சுதுன்னு..."

"உன் சேகண்டி கேட்காதா எனக்கு? உன் அப்பன் அடிச்சதும் கேட்டிருக்கேன்." நடுத்தூணைக் காட்டினாள். கரிக்கோடு. "எங்க பாட்டி காலத்துல கணியர் சொன்னதுக்கு ஒரு சேகண்டி தள்ளி வந்துச்சு. எங்க அம்மா காலத்துல ரெண்டு. இப்போ மூணு. அதுக்கு முந்தி சொன்ன நேரத்துக்கே வந்துச்சாம். வானம் நடந்துக்கிட்டே இருக்கு, அவங்க பாட்டு நின்ன இடத்துலயே நிக்குது. நான் என்ன செய்ய?"

"இதை ஏன்க்கா யாருகிட்டயும் சொல்லல?"

"யாரு கேட்டா?"

தை அமாவாசை வந்தது. குளக்கரையில் ஊர் பூராவும். ராஜா மறுபடி இடுப்பளவு தண்ணீரில். ஒரு பக்கம் தொட்டி, கிண்ணம், தவசி. சுற்றி ராஜாவின் மூன்று சேவகர்கள், கண் கொட்டாமல். இன்னொரு பக்கம் யானை. அது பாட்டுக்குத் தென்னமட்டையைத் தின்றுகொண்டிருந்தது. மருத்துவச்சி ஒரு தாழங்குடையில் ஊசியளவு துளை போட்டு விரித்து நட்டு வைத்தாள். குடை நிழல் நடுவே வெயில் வட்டம் விழுந்தது. வேடிக்கை பார்த்தவர்கள் சிரித்தார்கள்.

எட்டாவது கிண்ணம் முங்கியது. டொங்.

வட்டம் முழுசாக இருந்தது. சூரியன் சும்மா இருந்தது.

"பார்த்தீங்களா, மகாராஜா! ஓட்டை பெருசு! யானையைக் கொண்டா!" என்று கத்தினார் ஈசானர்.

"முதல்ல ஊசியைக் கொண்டாரும்" என்றார் ராஜா.

பெட்டி வந்தது. பொன் ஊசி வந்தது. நாழிகை தப்பக்கூடாதென்று தவசி அதே அளவான மாற்றுக் கிண்ணத்தை மிதக்க விட்டான். முங்கின பழைய கிண்ணத்தை, இத்தனை வருஷம் மிதந்தது அதுதான், சேவகன் துடைத்து ஊசியை விட்டான். பிடித்துக்கொண்டது. ஆட்டினான், அசையவில்லை. இறுக்கம்.

ராஜா மெல்லத் திரும்பினார். "ஓட்டை சரி. அப்போ கிரகணம் எங்கே, கணியரே?"

ஈசானர் கை கூப்பினார். "மகாராஜா... உங்க புண்ணியம்... விலகிப்போச்சு. ஏறி வாங்க, சாப்பிட..."

"வாயை மூடும்! அன்னைக்கு அதைக் கேட்டுத்தான் ஆறு மாசமாக் கஞ்சி குடிக்கிறேன்!"

தவசி கைகட்டிச் சொன்னான்: "மகாராஜா, இன்னும் மூணு கிண்ணம் பொறுங்க. பதினொண்ணாவது முங்கும்போது வரும்."

"யார் சொன்னது?"

"இந்த மருத்துவச்சியக்கா."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. ஈசானர் சிரித்தார். ராஜா சிரிக்கவில்லை. தண்ணீரில் நின்றபடியே, "பொறுப்போம். வரலேன்னா உனக்கும் அவளுக்கும் யானைக்கால்" என்றார்.

ஒன்பது. டொங். வட்டம் முழுசு.

 தவசி கிண்ணத்தைக் கவிழ்க்கும்போது அது கைதவறித் தொட்டிக்குள் விழப்பார்த்தது. சேவகன் முறைத்தான். அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டுக்காரி தலைவிரிகோலமாக ஓடிவந்தாள். "மருத்துவச்சியக்கா! பவளத்துக்குத் தண்ணிக்குடம் உடைஞ்சுருச்சு!"

மருத்துவச்சி எழுந்தாள்.

"எங்கே போறே? நில்!" என்றார் ராஜா.

"மகாராஜா காத்திருப்பீங்க. குழந்தை காத்திருக்காது" என்று சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போனாள். சேவகன் ஈட்டியைத் தூக்கினான். ராஜா வேண்டாம் என்று கையசைத்தார்.

"ஓடிட்டா! பயந்து ஓடிட்டா!" என்றார் ஈசானர்.

தவசி தனியாக நின்றான். அங்கே பெண்டாட்டி. இங்கே கிண்ணம். போகவும் முடியாது. தண்ணீர் ஏறுவதைப் பார்த்தான். இப்படி மெல்ல அது என்றைக்கும் ஏறினதில்லை.

பத்து. டொங். வட்டம் முழுசு.

பாகன் யானையைக் கிளப்பி நிறுத்தினான். அதன் கால் மண்ணைச் சீய்த்தது. தவசி கிண்ணத்தையே பார்த்தான். அக்கா எண்ணியதில் ஒன்று கூடியோ குறைந்தோ இருந்தால்? கரிக்கோடு ஒன்று அழிந்திருந்தால்? மூன்றில்லை, நாலாகிவிட்டிருந்தால்? கிண்ணத்தில் விளிம்பளவு தண்ணீர். விளிம்புக்குக் கீழே ஒரு நகம். அரை நகம். முங்கியது.

டொங்.

எல்லாரும் குனிந்து வட்டத்தைப் பார்த்தார்கள். முழுசாகத்தான் இருந்தது. பாகன் அங்குசத்தை எடுத்தான். தவசி கண்ணை மூடினான்.

"ஏய், இருங்கப்பா" என்றான் சேவகன் ஒருத்தன், மண்டியிட்டு. "இந்த ஓரம்... இந்த ஓரத்தை எலி கடிச்சிருக்கு."

கடித்திருந்தது. எல்லாரும் பார்க்கப் பார்க்கக் கடித்துக்கொண்டே போனது. காக்கா கத்தியது. குளத்துத் தண்ணீர் கறுத்தது. ராஜா தலை முங்கக் குளித்தார். சிரித்தாரா அழுதாரா, தண்ணீரில் தெரியவில்லை.

வட்டம் முழுசானதும் கரையேறினார். ஆறு மாசம் கழித்து இலை போடச் சொன்னார். உருண்டை பிடித்து விழுங்கினார். ஏப்பம் விட்டார். அப்புறம் ஈசானரைக் கூப்பிட்டார்.

"எத்தனை நாழிகை பிசகு, ஓய்?"

"மூ... மூணு, மகாராஜா."

"மூணு நாள் பட்டினி. இன்னையிலிருந்து. இனிமே ஒரு நாழிகை தப்பினா ஒரு நாள். கம்புல காயுற துணியை எடும். போய் வானத்தைப் பாரும். சொல்றதுக்கு முந்தி அந்தம்மா வீட்டுக்கு நடந்துபோய், வாசல்ல நின்னு, 'சரியா?'ன்னு கேட்டுட்டு வந்து சொல்லும்."

ஈசானர் மூன்று நாள் பட்டினி கிடந்தார். நாலாம் நாள் கம்பு நிழலைப் பார்க்க ஆரம்பித்தார். கழுத்து சுளுக்கியது.

தவசி ஓடினான். பெண் குழந்தை. தாயும் சேயும் சுகம்.

அதற்கப்புறம் உலகத்தில் யாரெல்லாமோ வந்தார்கள். கண்ணாடிக் குழாய் வைத்துப் பார்த்தார்கள். சந்திரனில் மலை இருக்கிறது என்றார்கள். பூமிதான் சுற்றுகிறது என்றார்கள், சொன்னவனை அடைத்தும் வைத்தார்கள். இப்போது ஆகாயத்துக்கே யந்திரத்தை அனுப்பி, கிரகணம் எந்த நொடியில் என்று சொல்கிறார்கள். எல்லாம் எப்படி? சொன்ன நேரத்துக்கு வரவில்லையே என்று யாரோ ஒருத்தர் குறித்து வைத்ததால்தான். வேறொன்றும் இல்லை.

அவர்கள் அங்கே சுகம், நாம் இங்கே சுகம், பொய் சொன்ன வாய்க்குப் பட்டினி. கதை தீர்ந்தது. எழுந்திரு.

என்ன? மருத்துவச்சி பேரா? ராஜாவும் கேட்டார். நேரத்தைச் சரிபண்ணினது யார் என்று பாட்டுக்குக் கீழே எழுதவேண்டும், அவள் பேரென்ன என்று சபையில் கேட்டார். ஒருத்தனுக்கும் தெரியவில்லை. ஊரில் பாதிப்பேரைப் பிடித்து வெளியே எடுத்தவள், ஒருத்தனும் கேட்டதில்லை. தவசிதான் போய்க் கேட்டுவந்து சொன்னான், பனையோலையில் எழுதினார்கள்: மூக்காயி.