சிறுத்தையை வரைந்த மந்தி

ஓடைக்கரை முழுக்க மருதமரங்கள் நின்ற ஒரு காட்டில் பூவந்தி என்றொரு மந்தி வாழ்ந்தது. கறுத்த முகம், சாம்பல் நிற உடம்பு, தொங்கவிட்டால் கீழ்க்கிளையைத் தொடும் வால். அந்தக் காட்டில் காவல் வேலை பூவந்தியுடையது.

அது என்ன காவல் என்று கேட்பீர்கள், குழந்தைகளே. புல்வெளி ஓரத்தில் இருந்த உயரமான மருதமரத்தின் உச்சிக் கிளையில் பூவந்தி உட்கார்ந்திருக்கும். கீழே புள்ளிமான்கள் மேயும். மேலிருந்து விழும் தளிரும் காயும் மான்களுக்கு. சிறுத்தையின் வால்நுனி தெரிந்தால் போதும், பூவந்தி "கக், கக்" என்று குரல் கொடுக்கும். மான்கள் தலையைத் தூக்கிக்கூடப் பார்க்காமல் ஓடிவிடும். அந்தக் குரல்மேல் அவ்வளவு நம்பிக்கை. மூன்று மழைக்காலமாக ஒரு மானைக்கூட அவை பறிகொடுத்ததில்லை.

ஒரு நாள் நடுப்பகலில் சிறுத்தை வந்தது. பூவந்தி குரல் கொடுத்தது. மான்கள் மேட்டுப் பக்கம் ஓடின. ஒரே ஒரு குட்டி மட்டும் தாயைத் தேடி எதிர்ப்பக்கம் ஓடி, சிறுத்தையிடம் அகப்பட்டது. மான் கூட்டத்துக்குத் தலைவியான நொச்சியின் குட்டி அது. உயரத்தில் இருந்ததால் பூவந்தி எல்லாவற்றையும் பார்த்தது. கண்ணை மூடிக்கொள்ளக்கூடத் தோன்றவில்லை.

மறுநாள் பூவந்தி காவலுக்கு ஏறவில்லை. அதே மரத்தின் அடிக்கிளையில், புல்வெளிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டது. எதுவும் தின்னவில்லை. பேன் பார்க்க வந்த தங்கையைத் தொடவிடவில்லை. யாராவது பேச்சுக் கொடுத்தால் வாயைத் திறக்கும். வெறும் காற்றுதான் வரும்.

வேறு மந்திகள் காவலுக்கு உட்கார்ந்து பார்த்தன. அவை உடும்பைக் கண்டும் கத்தின, கீரியைக் கண்டும் கத்தின, காய்ந்த இலை பறந்ததற்கும் கத்தின. மான்கள் நாள் முழுக்க ஓடி ஓடி இளைத்துப்போயின. கடைசியில் புல்வெளிப் பக்கமே வராமல் முள்ளுப் புதருக்குள் ஒண்டிக்கொண்டன. அங்கே தின்ன ஒன்றுமில்லை. தாய்மான்களுக்குப் பால் வற்றத் தொடங்கியது.

நொச்சி கூட்டத்தைக் கூட்டி ஒரு முடிவைச் சொன்னது. நாவல்பழம் உதிர்ந்து முடியும்வரை காத்திருப்பது; அதற்குள் பழைய காவல் திரும்பாவிட்டால் ஓடையைத் தாண்டி அடுத்த காட்டுக்குப் போய்விடுவது. அடுத்த காட்டில் செந்நாய்கள் உண்டு. அது எல்லா மான்களுக்கும் தெரியும். நொச்சிக்கும் தெரியும்.

இதைக் கேள்விப்பட்டதும் காட்டு விலங்குகள் ஒவ்வொன்றாகப் பூவந்தியைத் தேற்ற வந்தன.

கரடி அன்பானது. ஒரு முழுத் தேனடையைத் தூக்கி வந்து பூவந்தியின் பக்கத்தில் வைத்தது. பூவந்தி திரும்பிப் பார்க்கவில்லை என்றதும் மிகுந்த வருத்தத்தோடு தானே அதைத் தின்றுவிட்டது. மயிலுக்குத் தன் அழகைத் தவிர வேறு நினைப்பில்லை. தன்னைப்போல் ஆடினால் கவலை பறந்துவிடும் என்று சொல்லி நெடுநேரம் ஆடிக் காட்டிவிட்டு, யாரும் பாராட்டாததால் கோபித்துக்கொண்டு போனது.

நரிக்கு யோசனை சொல்லாமல் இருக்க முடியாது. "நடந்ததை நினைத்தால்தானே வருத்தம்? அப்படியே மறந்துவிடு, பூவந்தி. என்னைப் பார், நேற்று நடந்ததே எனக்கு ஞாபகம் இல்லை."

"நேற்று என் தேனடையைத் திருடினாயே, அதுகூடவா?" என்றது கரடி.

நரி பேச்சை மாற்றிவிட்டது.

அந்தக் காட்டில் குன்றி என்று ஒரு சருகுமான் இருந்தது. சருகுமான் முயலளவுதான் இருக்கும். குன்றிக்குக் கூச்சம் அதிகம். நான்கு பேர் சேர்ந்து நின்றால் அந்த வழியாகவே வராது. ஆனால் சருகுக்குள் நின்றபடி எல்லாவற்றையும் கவனிக்கும். மற்ற விலங்குகள் பூவந்தியின் முகத்தைப் பார்த்தன. குன்றி அதன் விரல்களைப் பார்த்தது.

பூவந்தியின் நகம் மரப்பட்டையை ஓயாமல் கீறிக்கொண்டிருந்தது. ஒரு வளையம், முழுதாக மூடாத வளையம். பக்கத்தில் இன்னொன்று. அடிமரம் முழுக்க அதே வளையம்.

குன்றி இதை யாரிடமும் சொல்லவில்லை. கோடையில் தீப்பிடித்த இடத்திலிருந்து கரித்துண்டுகளைக் கவ்வி வந்தது. மேட்டிலிருந்து செம்மண்ணும் ஓடைக்கரையிலிருந்து வெள்ளைக் களிமண்ணும் இலையில் வைத்து எடுத்து வந்தது. உதிர்ந்த நாவல்பழங்களை மூக்கால் உருட்டி வந்தது. மரத்தடியில் ஒரு சாய்ந்த பாறை உண்டு. அதன் அடியில் இருந்த குழிகளில் எல்லாவற்றையும் சேர்த்து வைத்தது.

"அக்கா," என்றது குன்றி, தரையைப் பார்த்துக்கொண்டே. "என் குளம்பால் எதையும் பிடிக்க வராது. உங்களுக்கு விரல் இருக்கிறது."

அதற்குமேல் பேச வெட்கப்பட்டு ஓடிவிட்டது.

இரண்டு நாள் ஒன்றும் நடக்கவில்லை. மூன்றாம் நாள் பாறையில் கரியால் ஒரு தீற்றல் இருந்தது. நான்காம் நாள் கரி நொறுங்கும் அளவுக்கு அழுத்தி இழுத்த பத்துத் தீற்றல்கள். ஐந்தாம் நாள் அந்தக் கறுப்புக்கு நடுவே இரண்டு கண்கள் வந்தன. பிறகு முதுகு, கால், வால். பிறகு ஒவ்வொரு புள்ளியாக, நடுவில் செம்மண்ணும் சுற்றிலும் மூடாத கறுப்பு வளையமும். பாறையில் ஒரு சிறுத்தை நின்றது.

அதன் நாக்குக்கு நாவல் சாற்றைத் தீட்டியபோது பூவந்தி தன்னையறியாமல் விரலைச் சூப்பியது. பல நாளுக்குப் பிறகு அதன் தொண்டையில் இறங்கிய முதல் உணவு அதுதான். புதருக்குள்ளிருந்து அதைப் பார்த்த குன்றி, மறுநாள் முதல் இரண்டு மடங்கு பழம் கொண்டுவந்து வைத்தது. பாதி தீட்டுவதற்கு, பாதி தின்பதற்கு.

செய்தி பரவியது. மயில் வந்து பார்த்துவிட்டு, கால் கோணலாக இருக்கிறது என்றும், ஒரு தோகை வரைந்தால் கொஞ்சம் தேவலை என்றும் சொல்லிவிட்டுப் போனது. நரிக்கோ மயிர் சிலிர்த்துவிட்டது. எது பூவந்தியின் குரலைப் பறித்ததோ அதையே தினமும் பார்த்துக்கொண்டிருந்தால் எப்படிக் குணமாகும் என்று எல்லாரிடமும் கேட்டது. அதன் மனசு நல்ல மனசுதான். பூவந்தி தண்ணீர் குடிக்கப் போன நேரம் பார்த்து, தன் வாலை ஓடையில் நனைத்து வந்து, பாறையை மேலும் கீழும் துடைத்து வைத்தது. சிறுத்தை போய்விட்டது. நரியின் வால் பாதி சிவப்பும் பாதி கறுப்புமாக ஆகிவிட்டது.

பூவந்தி திரும்பி வந்தபோது பாறை வெறுமையாக இருந்தது. கரடியும் குன்றியும் தூரத்தில் நின்று பார்த்தன. பூவந்தி பாறையை ஒரு முறை சுற்றி வந்தது. நரியின் வாலைப் பார்த்தது. அதன் வாய் திறந்தது. காற்றோடு சேர்ந்து கரகரவென்று ஒரு குரலும் வந்தது.

"இடம் போதாமல்தான் இருந்தது."

சொல்லிவிட்டுக் கரியை எடுத்துக்கொண்டது.

இந்த முறை பாறையின் உச்சியிலிருந்து அடிவரை வரைந்தது. சிறுத்தை மறுபடி வந்தது, இந்த முறை கால் கோணலில்லாமல். ஓடை வந்தது, மருதமரம் வந்தது, மேட்டை நோக்கி ஓடும் மான்கள் வந்தன. எதிர்ப்பக்கம் ஓடிய குட்டியும் வந்தது. அதை வரைய மட்டும் ஒரு நாள் முழுக்க ஆனது. கடைசியாக மரத்தின் உச்சியில் ஒரு சிறிய மந்தியை வரைந்தது.

குன்றி கூச்சத்தை மறந்து பாறைக்குப் பக்கத்திலேயே வந்து நின்றது.

"அக்கா, மரத்தில் இருக்கிற மந்தி வாயைத் திறந்து வைத்திருக்கிறாளே?"

பூவந்தியின் கை நின்றது. வேறு யாரோ வரைந்ததைப் பார்ப்பதுபோல் அந்தச் சிறிய மந்தியைப் பார்த்தது.

"ஆமாம்," என்றது மெதுவாக. "கூப்பிடுகிறாள்." பிறகு சொன்னது: "நான் கூப்பிட்டேன், குன்றி. சரியான நேரத்தில்தான் கூப்பிட்டேன்."

அன்று பூவந்தி முதல்முறையாக அழுதது. அழுது முடித்ததும் பசித்தது. கரடி ஓடிப்போய் இன்னொரு தேனடை கொண்டு வந்தது. இந்த முறை அதற்குத் தானே தின்ன ஒன்றும் மிஞ்சவில்லை. கரடிக்கு அதில் எவ்வளவோ சந்தோஷம்.

ஆனால் அதற்குள் கடைசி நாவல்பழமும் உதிர்ந்துவிட்டது.

மறுநாள் காலையில் மான்கள் முள்ளுப் புதரைவிட்டு வெளியே வந்தன. நொச்சி முன்னால் நடக்க, குட்டிகளை நடுவில் விட்டு, சத்தமில்லாமல் ஓடையை நோக்கிப் போயின.

பூவந்திக்கு அது தெரியாது. தான் வரைந்த படத்தை முழுதாகப் பார்க்க வேண்டும் என்று அதற்கு ஆசை. படம் மிகவும் பெரிது, கிட்ட நின்றால் ஒரு பக்கம்தான் தெரிந்தது. அதனால் ஒரு கிளை ஏறிப் பார்த்தது. இன்னும் கொஞ்சம் தெரிந்தது. இன்னொரு கிளை ஏறியது. இப்படி ஏறி ஏறி, எங்கே வந்திருக்கிறோம் என்பதைக் கவனிக்காமலே உச்சிக் கிளைக்கு வந்துவிட்டது.

அங்கிருந்து படம் முழுதாகத் தெரிந்தது. அதற்கு அப்பால் ஓடை தெரிந்தது. தண்ணீரில் கால் வைக்கப் போகும் நொச்சியும் தெரிந்தது.

எதிர்க்கரைப் புதரில் இலைகளின் நடுவே இறங்கிய வெயில் பொட்டுப் பொட்டாகக் கிடந்தது. மான்களின் கண்ணுக்கு அது வெறும் வெயிலும் நிழலும்தான். பூவந்தி அந்தப் பொட்டுகளுக்கிடையே ஒரு வளையத்தைக் கண்டது. மூடாத வளையம். பக்கத்தில் இன்னொன்று. எத்தனையோ முறை தன் விரலால் வரைந்த வளையங்கள்.

பழைய பயம் வந்தது. ஆனால் அந்தச் சிறுத்தை முகத்தைப் பாறையில் நாள்கணக்கில் நேருக்கு நேர் பார்த்தாயிற்று. அதன் கோணல் காலைக்கூடத் திருத்தியாயிற்று. பூவந்தி கிளையை இறுகப் பிடித்துக்கொண்டு வாயைத் திறந்தது.

"கக், கக், கக்."

காடு முழுக்க அந்தக் குரல் கேட்டது. நொச்சி தலையைத் தூக்கிப் பார்க்கவில்லை. அப்படியே திரும்பியது. கூட்டம் முழுக்கத் திரும்பி மேட்டில் ஏறியது. ஒரு குட்டிகூட வழி மாறவில்லை. கண்ணில் பட்டுவிட்ட சிறுத்தைக்குப் பதுங்கி என்ன பயன்? அது எழுந்து, சலிப்போடு ஒரு கொட்டாவி விட்டு, வந்த வழியே நடந்தது.

வெகுநேரம் கழித்து நொச்சி பாறையருகே வந்தது. பூவந்தி கீழே இறங்கி வந்தது. இந்த முறை முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. நொச்சி படத்தில் இருந்த குட்டியின் முன்னால் நின்றது.

"அவனுக்கு இடது காதில் ஒரு வெள்ளைப் பொட்டு உண்டு," என்றது நொச்சி.

பூவந்தி வெள்ளைக் களிமண்ணில் விரலைத் தொட்டு, குட்டியின் இடது காதில் வைத்தது.

"இப்போது அவனேதான்," என்றது நொச்சி. பிறகு புல்வெளிக்குப் போய், பூவந்தியின் மரத்தடியில் தலையைக் குனிந்து மேயத் தொடங்கியது. மற்ற மான்களும் வந்து மேய்ந்தன.

மழை வந்தால் அந்தப் படம் கரைந்துவிடும். மழை விட்டதும் பூவந்தி மறுபடி வரையும். இப்போதெல்லாம் பாறையின் ஓரத்தில் கரடியின் பாதச் சுவடும் இருக்கிறது, மயில் வரைந்த மயிலும் இருக்கிறது. முதல் படம் தன்னிடம்தான் இருக்கிறது என்று நரி தன் வாலைத் தூக்கிக் காட்டிக்கொண்டு திரிகிறது.

வேறு காட்டிலிருந்து யாராவது வந்து, இதை வரைந்தது யார் என்று கேட்டால், "எங்கள் காவல்காரி" என்று மான்கள் தலை நிமிர்ந்து சொல்லும். உச்சிக் கிளையில், கரியும் செம்மண்ணும் கழுவாத விரல்களோடு உட்கார்ந்திருக்கும் பூவந்தி, "நான்தான்" என்று குரல் கொடுக்கும்.

கரியும் மண்ணும் கொண்டுவந்தது யார் என்று கேட்டால் மட்டும் குன்றி சட்டென்று சருகுக்குள் புகுந்துகொள்ளும். ஆனால் அதன் இரண்டு காதுகளும் சருகுக்கு வெளியே நிமிர்ந்து நிற்கும்.

நீதி: உள்ளே பூட்டி வைத்த துயரம் நம் குரலைப் பிடித்துக்கொள்ளும்; நம் கையால் அதற்கு ஓர் உருவம் கொடுத்தால், அதை நிமிர்ந்து பார்க்கும் துணிவு வரும்.