விடுப்புச் சொல்லாமல் போன பாகன்

நெடுமலைப் பாளையத்து ராஜா தென்மலைப் பெருமாளுக்கு யானை என்றால் உயிர். அவருடைய பட்டத்து யானை மேகவண்ணனுக்கு ஒரு நாள் மதம் பிடித்தது. சங்கிலியை அறுத்துக்கொண்டு மலைக்காட்டுக்குள் ஓடிவிட்டது. பாகன் சொரிமுத்து சாப்பிட்ட கையைக்கூடக் கழுவாமல் பின்னாலேயே ஓடினான். அந்தப் பாளையத்தில் அதுதான் வழக்கம். யானை ஓடிவிட்டால், அது இல்லாமல் பாகன் அரண்மனை வாசலை மிதிக்கக் கூடாது.

யானை போய்க் காட்டுக் கூட்டத்தோடு சேர்ந்துகொண்டது. சொரிமுத்து மலைவாசிகளோடு கிழங்கு தின்றுகொண்டு, கூட்டம் போன இடமெல்லாம் போனான். தினமும் பேர் சொல்லிக் கூப்பிடுவான். அது காதை ஆட்டும், வராது. கிட்டத்தட்ட ஒரு மாமாங்கம் இந்தக் கூத்து நடந்தது. கடைசியில் அதற்கு மனம்தான் இரங்கியதோ, கரும்பு ஞாபகம்தான் வந்ததோ, ஒரு காலையில் தானாக வந்து அவன் முன்னால் மண்டியிட்டது.

இரண்டு பேரும் ஊருக்குள் நுழைந்தபோது ராஜாவே வாசலுக்கு ஓடி வந்தார். தும்பிக்கையைக் கட்டிக்கொண்டு அழுதார். அவரைக் குளிர வைக்க இதுதான் சமயம் என்று முன்னால் வந்தார் சம்பிரதி ஆவுடையப்பர். அரண்மனைச் சேவகர்களின் சம்பளம், படி எல்லாம் அவர் கையில்.

"மேகவண்ணன் எங்கே இருந்தாலும் அரண்மனை யானைதான். வராத வருஷங்களின் பொங்கல் வெல்லத்தையும் சேர்த்துக் கொடுங்கள். தசரா ஊர்வலத்தில் முதல் இடமும் அதற்கே" என்று சம்பிரதி உத்தரவு போட்டார். யானை பாக்கி வெல்லத்தை ஒரே மூச்சில் தின்று தீர்த்தது.

சொரிமுத்துவுக்கோ அதற்குள் வயதாகிவிட்டது. மலையில் ஏறி இறங்கி முழங்கால் போய்விட்டது. வேலை செய்ய முடியாத சேவகனுக்குச் சாகும்வரை களஞ்சியத்து நெல் உண்டு. ஓய்வுப்படி என்பார்கள். அவனும் அவன் பெண்டாட்டியும் அதை நம்பித்தான் இருந்தார்கள். சம்பிரதியிடம் போய்க் கேட்டான்.

"விடுப்புச் சொல்லிவிட்டா போனாய்?" என்றார் சம்பிரதி.

"இல்லீங்க சாமி."

"சொல்லாமல் ஒரு வருஷத்துக்கு மேல் வராதவன் வேலையை விட்டவன். விட்டவனுக்கு ஏதப்பா ஓய்வுப்படி?"

"நான் என்ன சாமி, மலையில வேடிக்கை பாக்கவா போனேன்? அது முன்னால போச்சு, நான் பின்னால போனேன்."

"சட்டத்தில் முன்னால் பின்னால் எல்லாம் கிடையாது."

விஷயம் ராஜாவிடம் போனது. அது அவர் அப்பா போட்ட சட்டம். ராஜா தலையைச் சொறிந்தார். சபையில் வேடிக்கைப் பேச்சுக்கென்றே இருந்த சடகோபனைப் பார்த்தார்.

"சம்பிரதி சொல்வதுதான் சரி, மகாராஜா" என்றான் சடகோபன். "சொரிமுத்து அரண்மனைச் சேவகனே இல்லை."

சொரிமுத்து முகம் தொங்கிப்போயிற்று. கதை சொல்கிற எனக்கே இந்த இடத்தில் சடகோபனை நாலு வார்த்தை கேட்கலாம் போலிருக்கிறது. ஆனால் சபை கலைந்ததும் அவன் சொரிமுத்துவை ஓரமாக அழைத்துப் போய்க் காதோடு ஏதோ சொன்னான்.

மறுநாள் காலை யானைக் கொட்டில் காலி. மேகவண்ணன் சொரிமுத்துவின் குடிசைக்குப் பின்னால் நின்று, பக்கத்து வீட்டு வாழையைப் பதம் பார்த்துக்கொண்டிருந்தது. ஓட்டி வரப் போன சேவகர்கள், அது ஒரு தடவை பெருமூச்சு விட்டதுமே திரும்பிவிட்டார்கள். தசராவோ நெருங்கிவிட்டது. பாகன் யானையோடு அரண்மனைக்கு வர வேண்டும் என்று ஆள் போயிற்று. சொரிமுத்து யானையை வாசலில் நிறுத்திவிட்டு சபைக்குள் வந்து கைகட்டி நின்றான்.

"அரண்மனை யானையைத் திருடிவிட்டான், மகாராஜா" என்று குதித்தார் சம்பிரதி.

"அரண்மனை யானையா?" என்றான் சடகோபன். "அது உங்களிடம் விடுப்புச் சொல்லிவிட்டா போயிற்று?"

"யானை எப்படிச் சொல்லும்?"

"ஆக, சொல்லாமல்தான் போயிருக்கிறது. அதுவும் இவனுக்கு முன்னாலேயே போயிருக்கிறது. உங்கள் சட்டப்படி அது வேலையை விட்ட யானை. சேவகன் அல்லாத ஒருவன், காட்டில் திரிந்த யானையைப் பிடித்து வந்திருக்கிறான். பிடித்தவன் வீட்டில் அது நிற்பதில் என்ன தப்பு?"

சம்பிரதிக்கு வேர்த்தது. "எத்தனை வருஷம் வராவிட்டாலும் அது அரண்மனை யானைதான்."

"நீங்களே பாக்கி வெல்லம் கொடுத்தவராயிற்றே, உங்கள் வாக்கை மறுக்க நான் யார்? சரி, இவன் அன்றைக்கு யானையை விட்டுவிட்டு உங்களிடம் விடுப்புக் கேட்க வந்திருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள்?"

சம்பிரதி யோசிக்காமல் பதில் சொல்லிவிட்டார். "யானை எங்கேடா, அதைப் பிடிக்காமல் இங்கே என்ன வேலை என்று கேட்டிருப்பேன்."

"அந்த வேலையைத்தான் இத்தனை வருஷமும் பார்த்திருக்கிறான்" என்றான் சடகோபன்.

சபை சிரித்தது. ராஜாவும் மீசைக்குள் சிரித்தார். சம்பிரதி அப்போதும் விடுகிற மாதிரி இல்லை.

"பார்த்தான் என்பதற்கு என்ன அத்தாட்சி? மலையில் படுத்துத் தூங்கியிருக்கலாம். கூட இருந்து பார்த்த சாட்சி வேண்டும், மகாராஜா."

"நியாயம்தான்" என்றான் சடகோபன். "ஒரு நாள்கூடப் பிரியாமல் கூடவே இருந்த சாட்சி வாசலில் நிற்கிறது. வயிறு நிறையாமல் வந்திருப்பதால் கொஞ்சம் கோபமாக இருக்கிறது. சபைக்குள் அழைத்தால் தூண் தாங்காது. நீங்களே கிட்டத்தில் போய் விசாரித்துவிட்டு வாருங்கள்."

சம்பிரதி எட்டிப் பார்த்தார். வாசலில் மேகவண்ணன் மண்ணை வாரித் தலையில் போட்டுக்கொண்டிருந்தது. அவரைக் கண்டதும் நிறுத்திவிட்டு, காதை விரித்து ஓர் அடி முன்னால் வைத்தது.

ராஜா வாய்விட்டுச் சிரித்து, தன் கை மோதிரத்தைக் கழற்றிச் சடகோபன் விரலில் போட்டார். "என்ன சம்பிரதி, சாட்சியை விசாரிக்கிறீரா?"

"வேண்டாம் மகாராஜா" என்றார் சம்பிரதி. "முகத்தைப் பார்த்தாலே தெரிகிறது, பொய் சொல்லாது. இன்றைக்கே நெல் அளந்துவிடுகிறேன்."