மாஸ்டரின் கடைசி ஆட்டம்

கிரேக்க நாட்டின் வோலோஸ் துறைமுகத்தில் கூடைப்பந்து என்றால் அர்கிரிஸ்தான். ஆட்டக்காரராக இருந்து பயிற்சியாளர் ஆனவர். எழுபது வயதிலும் மைதான ஓரத்தில் உட்கார மாட்டார், நின்றுகொண்டேதான் கத்துவார். அந்த ஞாயிற்றுக்கிழமை இறுதிப் போட்டியோடு விடைபெறப் போவதாக அவர் சொன்னதும் ஊரே வாடிப்போனது.

எதிரணியின் பயிற்சியாளர் மினாஸ், அவருடைய சீடர்தான். இப்போது அவருக்கே தாடியில் நரை விழுந்துவிட்டது.

ஆட்டம் முடிய இன்னும் சில நொடிகளே இருந்தன. மினாஸின் அணி ஒரு புள்ளி முன்னால் இருந்தது. பந்து அர்கிரிஸ் அணியிடம். அப்போது அர்கிரிஸ் தன் இடது காதைத் தொட்டார்.

பந்து வலது மூலைக்குப் போகும் என்று அர்த்தம். அர்கிரிஸின் ஆட்களைத் தவிர அது தெரிந்தவர் மினாஸ் ஒருவர்தான். ஒரு குரல் கொடுத்திருந்தால் போதும். அவர் வாயைத் திறக்கவில்லை. பந்து வலது மூலைக்குப் போனது, அங்கிருந்து கூடைக்குள் விழுந்தது. கோப்பை அர்கிரிஸுக்கு.

மினாஸின் பையன்கள் ஐந்து பேரும் தரையில் உட்கார்ந்து அழுதார்கள். அவர் ஒவ்வொருவரையும் கைகொடுத்து எழுப்பினார். ஆனாலும் அவருக்கு, மாஸ்டரைத் தோற்கடித்து அனுப்பவில்லை என்ற நிம்மதி ஒரு பக்கம். அந்த நிம்மதியோடு உடை மாற்றும் அறைக்குப் போனார்.

அர்கிரிஸ் தனியாக உட்கார்ந்து ஷூ கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தார். கோப்பை பெஞ்சுக்கு அடியில் கிடந்தது.

"காதைத் தொட்டேனே, பாத்தியா?"

"பாத்தேன் மாஸ்டர்."

"புரிஞ்சுதா?"

"புரிஞ்சுது."

"அப்புறம் ஏன் சும்மா நின்ன?"

மினாஸ் தயங்கினார். "நீங்க சொல்லிக்கொடுத்ததை வச்சே உங்களைத் தோக்கடிக்க மனசு வரலை. அதுவும் கடைசி ஆட்டத்துல. நான் செஞ்சது தப்பா மாஸ்டர்?"

அர்கிரிஸ் ஒரு ஷூவைக் கழற்றி வைத்தார்.

"உனக்குத் தெரியும்னு தெரிஞ்சுதான் தொட்டேன். நீ கத்துவ, உன் பசங்க வலது பக்கம் பாய்வாங்க, அதுக்கு மேல நான் என்ன பண்ணலாம்னு ஒரு வாரமா யோசிச்சு வச்சிருந்தேன். அதை ஆடவே முடியாமப் போச்சு."

மினாஸ் தலை குனிந்தார்.

"இந்த ஊர்ல முதல் கூடையை நான்தான் மாட்டினேன். ஒரு வருஷம் பந்தைத் தனியா போட்டேன், தனியா போய் எடுத்தேன். பைத்தியம்னு சொன்னாங்க. அப்புறம்தான் கண்ணுல பட்டவனையெல்லாம் கையைப் பிடிச்சு இழுத்துச் சொல்லிக்கொடுத்தேன். எதுக்குன்னு நினைக்கிற?"

"ஆட்டம் வளரணும்னு."

"இல்லை. எதிர்ல நின்னு என்னை ஜெயிக்கப் பாக்கிற ஒருத்தன் வேணும்னு."

அடுத்த ஷூவையும் கழற்றினார்.

"இன்னைக்கு உன் பசங்க அஞ்சு பேரும் வந்திருந்தாங்க. கடைசி வரைக்கும் நின்னாங்க. உன்னைத்தான் காணோம்."