கடைசிச் சுற்றின் மணி

போ என்ற நதியின் சமவெளியில், மூடப்பட்ட சர்க்கரை ஆலை ஒன்றின் பின்புறம் நகராட்சியின் ஓட்டத்தடம் இருந்தது. இல்டா அங்கே பயிற்சி அளித்துவந்தாள். அவளிடம் வந்தவர்கள் பெரும்பாலும் பிற பயிற்சியாளர்கள் கைவிட்டவர்கள். அவர்களில் நெரினாதான் மூத்தவள். அவளுக்கு முப்பத்தாறு வயது. ஆசிரியையைவிட இரண்டு வயது கூடுதல்.

மார்ச் மாதத்து முதல் புதன்கிழமை காலையில் நெரினா வந்தபோது தடத்தின் மறுபக்கம் தெரியவில்லை. மூடுபனி நிலத்தோடு ஒட்டிக் கிடந்தது. உள்வரிசையில் தேங்கிய நீரை இல்டா துடைப்பத்தால் தள்ளிக்கொண்டிருந்தாள்.

“ஞாயிற்றுக்கிழமை நான் ஓடப்போவதில்லை” என்றாள் நெரினா. “விலகல் கடிதம் எழுதிவிட்டேன். உங்களிடம் சொல்லிவிட்டு அனுப்பலாம் என்று வந்தேன்.”

“முழங்காலா?”

“இல்லை.”

“குதிகால் நரம்பா?”

“உடம்பில் ஒன்றுமில்லை, மேஸ்த்ரா.” அந்த நாட்டில் ஆசிரியையை அப்படித்தான் அழைப்பார்கள்.

“அப்படியானால் இந்தத் துடைப்பத்தைப் பிடி. உடம்பு நன்றாக இருப்பவள் சும்மா நிற்கக் கூடாது.”

நெரினா வாங்கித் தள்ளத் தொடங்கினாள். இல்டா காத்திருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை நடக்கவிருந்தது தேசியப் போட்டி. பெண்களுக்கான பத்தாயிரம் மீட்டர். முதல் இருவருக்கு நாட்டின் அணிக்குரிய நீலச் சட்டை கிடைக்கும். நெரினா பத்தொன்பது ஆண்டுகளாக ஓடுகிறாள். உழுத வயல்களின் சேற்றில் ஓடிப் பதினேழு வயதில் முதல் கோப்பை வாங்கியவள். பிறகு கூரை ஓடு செய்யும் தொழிற்சாலையில் பாதி நாள் வேலை, மீதி நாள் ஓட்டம். இருமுறை மூன்றாம் இடம், ஒருமுறை நான்காம் இடம். நீலச் சட்டையை அவள் ஒருமுறைகூட அணிந்ததில்லை. அவளை அழைப்பது இதுவே கடைசித் தடவை என்று போட்டிக்குழு எழுதியிருந்தது.

“மறுபடியும் மணி கேட்கிறது” என்றாள் நெரினா.

பத்தாயிரம் மீட்டர் என்பது தடத்தில் இருபத்தைந்து சுற்று. கடைசிச் சுற்று தொடங்கும்போது கோட்டருகே நிற்பவர் மணி அடிப்பார். அதுவரை ஓடுபவர்கள் மீதிச் சுற்றுகளின் எண் காட்டும் பலகையைப் பார்த்து ஓடுவார்கள். மணி கேட்டபின் எவரும் பலகையைப் பார்ப்பதில்லை. எஞ்சிய பலம் முழுவதையும் அந்த ஒரு சுற்றில் கொட்டிவிடுவார்கள்.

பதினொரு ஆண்டுகளுக்கு முன் இதே போட்டியில் நெரினா முன்னால் ஓடிக்கொண்டிருந்தாள். மணி அடித்தது. பாய்ந்தாள். கோட்டைக் கடந்து, இரு கைகளையும் உயர்த்தி, நின்றாள். மற்றவர்கள் அவளைக் கடந்து ஓடினார்கள். இன்னும் இரண்டு சுற்று மீதி இருந்தது. மணியடிப்பவர் கைகளை மடியில் வைத்தபடி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மணி அசையாமல் தொங்கியது. அரங்கில் அதைக் கேட்டதாக ஒருவர்கூடச் சொல்லவில்லை. அன்று வென்றவள், நெரினாவின் தோளுக்குப் பின்னாலேயே ஓடிவந்த இல்டா.

“முன்பெல்லாம் ஆண்டுக்கு ஒருமுறை கேட்கும்” என்றாள் நெரினா. “இப்போது வாரத்துக்கு இருமுறை. போன வெள்ளிக்கிழமை ஆற்றங்கரை மேட்டில் தனியாக ஓடினேன். சுற்றிலும் ஒரு மணிக்கோபுரம் இல்லை, ஒரு மாடுகூட இல்லை. இடது காதுக்குப் பக்கத்தில் அடித்தது. ஆடும் மணிநாக்கின் காற்று கன்னத்தில் பட்டது.”

“நீ என்ன செய்தாய்?”

“பாய்ந்தேன். என் கால்கள் என்னிடம் கேட்பதில்லை. நானூறு மீட்டர் தாண்டியதும் புல்லில் விழுந்தேன். ஞாயிற்றுக்கிழமை பத்தாவது சுற்றில் அது அடித்தால் அங்கேயே என் கதை முடிந்தது. எங்கள் ஊர்க் காப்பிக்கடைக்காரன் இன்றும் என்னைக் கண்டால் கரண்டியால் கண்ணாடிக் கோப்பையைத் தட்டுகிறான். ‘ஓடு நெரினா, கடைசிச் சுற்று’ என்கிறான். அவனுக்கு இன்னொரு கதை கொடுக்க எனக்கு விருப்பமில்லை.”

“காப்பி நன்றாக இருக்குமா?”

“யாருடையது?”

“அவனுடையதுதான்.”

“இல்லை. கருகல் வாடை.”

“பிறகு ஏன் அங்கே போகிறாய்?”

 நெரினா துடைப்பத்தை வேலியில் சாய்த்தாள்.

“ஒன்று கேட்கிறேன், மேஸ்த்ரா. அது பொய் மணி என்று ஓடும்போதே எப்படித் தெரிந்துகொள்வது? அது தெரிந்தால் ஓடுகிறேன். தெரியாவிட்டால் கடிதத்தை அனுப்புகிறேன்.”

இல்டா கொட்டகைக்குள் போனாள். திரும்பி வரும்போது ஒரு கையில் பழைய வெண்கல மணி, மறு கையில் ஒரு ஜோடிக் காலணி.

“இருபத்தைந்து சுற்று ஓடு. மெதுவாக.”

“நான்கு நாளில் போட்டி.”

“அதைத்தான் விட்டுவிட்டாயே.”

நெரினா காலணியைக் கட்டிக்கொண்டு ஓடினாள். இருபது அடி போனதும் மூடுபனி அவளைச் சூழ்ந்தது. வெள்ளைக் கோடு ஒன்றுதான் கண்ணில் பட்டது. ஒரு சுற்று முடிந்து இல்டாவின் நிழல் தெரிந்தபோது மணி அடித்தது.

கால்கள் பாய்ந்தன. நெரினா பற்களைக் கடித்து அவற்றை அடக்கினாள். இரண்டாவது சுற்றின் முடிவிலும் மணி அடித்தது, மறுபடியும் பாய்ச்சல். மூன்றாவதிலும் அப்படியே. ஐந்தாவது சுற்றில் தொடை நடுங்கியது.

“போதும், மேஸ்த்ரா” என்றாள் ஓடிக்கொண்டே.

 அடுத்த சுற்றிலும் மணி அடித்தது.

எட்டாவதில் அவளுக்குக் கோபம் வந்தது. ஒன்பதாவதில் அழுகை. அதற்குப் பிறகு மூடுபனி இன்னும் இறங்கியது. கோட்டருகே வந்தாலும் நிழல் தெரியவில்லை. மணியோசை மட்டும் வந்தது. கால்கள் ஒவ்வொரு முறையும் சற்றுக் குறைவாகத் துள்ளின. பதினான்காவதில் துள்ளவில்லை. மணி அடித்தது, வலது கால் விழுந்தது, இடது கால் விழுந்தது. அவ்வளவுதான்.

பதினேழாவது சுற்றில் மணி கோட்டருகே அடிக்கவில்லை. எதிர்ப்பக்கத்தில், ஆலைச் சுவர் ஓரம் அடித்தது. பதினெட்டாவதில் அவளுக்குப் பின்னால் அடித்தது. அவள் ஓடும் வேகத்திலேயே அது அவளோடு வந்தது. நெரினாவின் பிடரி மயிர் சிலிர்த்தது. திரும்பிப் பார்க்கவில்லை. சுற்றை எண்ணினாள். பத்தொன்பது. இருபது.

இருபத்தைந்து எண்ணி முடித்துக் கோட்டில் நின்றாள். அங்கே யாருமில்லை.

கொட்டகையின் கதவு சாத்தியிருந்தது. உள்ளே இல்டா அடுப்பருகே உட்கார்ந்து ஒரு காலுறையைத் தைத்துக்கொண்டிருந்தாள். மேசையில் மணி இருந்தது. அதன் மேல் படிந்திருந்த பனிநீர் முழுதும் உலர்ந்துவிட்டிருந்தது. பக்கத்தில் ஒரு கோப்பை. அடியில் காப்பிச் சக்கை காய்ந்து ஒட்டியிருந்தது.

“எப்போது உள்ளே வந்தீர்கள்?”

“பதினொன்றாவது சுற்றில். விரல் மரத்துப்போனது.”

நெரினா மணியைத் தொட்டுப் பார்த்தாள். அடுப்பின் சூடு அதில் ஏறியிருந்தது.

“இருபத்தைந்தாவது வரை அடித்தது” என்றாள்.

“பாய்ந்தாயா?”

“இல்லை.”

“நின்றாயா?”

“இல்லை.”

“எப்போது நின்றாய்?”

“சுற்று முடிந்தபோது.”

இல்டா நூலைப் பல்லால் கடித்தாள். பிறகு எழுந்து, இன்னொரு கோப்பையில் காப்பி ஊற்றி அவள் பக்கம் நகர்த்தினாள். நெரினா இரு கைகளாலும் கோப்பையைப் பிடித்துக்கொண்டாள். வெளியே சற்றுத் தொலைவில் மணி ஒருமுறை அடித்தது. நெரினாவின் கைகள் அசையவில்லை. இல்டாவும் தலையை உயர்த்தவில்லை.

“சனிக்கிழமை எந்த ரயிலில் போகிறோம்?” என்றாள் நெரினா.

“காலை முதல் வண்டி. ஜன்னலோரம் எனக்கு.”

இருவரும் காப்பியைக் குடித்தார்கள்.

“ஒன்று மட்டும் எனக்குப் பொறுக்கவில்லை” என்றாள் நெரினா. போட்டியாளர்களாக இருந்த காலத்து ‘நீ’ அவளையறியாமல் வந்தது. “அன்று நீ என் தோளுக்குப் பின்னால் இருந்தாய். உன் மூச்சு என் கழுத்தில் பட்டது. நீ அசையவே இல்லை. எதுவும் கேட்காத அந்தக் காதுகளை நினைத்துப் பதினொரு ஆண்டுகள் பொறாமைப்பட்டேன்.”

இல்டா கோப்பையைக் கீழே வைத்தாள்.

“எனக்கும் கேட்டது” என்றாள்.

நெரினா அவளையே பார்த்தாள். 

“நடுவரிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே. ஊர் என்னைப் பைத்தியம் என்று சொல்லியிருக்காது.”

“நம் இருவரையும் சொல்லியிருக்கும்.” இல்டா சிரிக்கவில்லை. “சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அது என் தவறு.”

“கேட்டும் நீ ஏன் பாயவில்லை?”

“எனக்கு அது முதல் சுற்றிலிருந்தே அடித்துக்கொண்டிருந்தது” என்றாள் இல்டா.